ரிச்சர்ட் பிரையர்

ரிச்சர்ட் பிரையர் (டிசம்பர் 1, 1940 – டிசம்பர் 10, 2005) ஐக்கிய அமெரிக்காவைச் சேர்ந்த மேடைச் சிரிப்புரையாளரும் திரைப்பட நடிகரும் எழுத்தாளரும் ஆவார். இவரது முழுப்பெயர் ரிச்சர்ட் ஃபிராங்க்ளின் லெனாக்ஸ் தாமஸ் பிரையர். கறுப்பின மக்களின் தெருப்பேச்சையும் அவர்களது அன்றாடத் துயரங்களையும் தன் சொந்த வாழ்வின் சிறுமைகளையும் எவ்வித மறைப்புமின்றி மேடைக்குக் கொண்டு வந்தவர் இவர். ஸ்டாண்ட்-அப் எனப்படும் கலை, துணுக்குகளை அடுக்கிச் சொல்லும் நிலையிலிருந்து ஒரு மனிதன் தன்னையே பொருளாக வைத்துப் பேசும் நிலைக்கு மாறியதில் இவரது பங்கு பெரிது. 1998 ஆம் ஆண்டு நிறுவப்பட்ட அமெரிக்க நகைச்சுவைக்கான மார்க் டுவெய்ன் பரிசை முதன்முதலில் பெற்றவரும் இவரே.

இளமைக்காலம்

பிரையர் இல்லினாய் மாநிலத்தின் பியோரியா நகரில் பிறந்தார். இவரது பாட்டி மேரி கார்ட்டர் அந்நகரில் விலைமாதர் இல்லம் நடத்தி வந்தார். தாய் கெர்ட்ரூட் அவ்வில்லத்தில் பாலியல் தொழில் செய்தவர். தந்தை லெராய் முன்னாள் குத்துச்சண்டை வீரர். தாய் குடும்பத்தை விட்டு விலகியபோது பிரையருக்கு வயது 10. அதன்பின் பாட்டியே இவரை வளர்த்தார். கண்டிப்பும் அடியும் நிறைந்த வளர்ப்பு அது. எனினும் பிரையர் இறுதிவரை பாட்டியையே தன் தாயாகக் கருதினார். தான் செய்த குற்றத்துக்குத் தன்னை அடிப்பதற்கான குச்சியைத் தானே மரத்திலிருந்து ஒடித்து வரும்படி பாட்டி அனுப்பிய கதை, பின்னாளில் இவரது மேடையுரைகளில் மிகவும் புகழ்பெற்ற பகுதிகளுள் ஒன்றாயிற்று.

ஏழு வயதில் பாலியல் வன்முறைக்கு ஆளானதைப் பிரையர் பிற்காலத்தில் வெளிப்படையாகக் கூறியுள்ளார். பள்ளிப் படிப்பு நிலைக்கவில்லை. ஆசிரியை ஒருவர், இவர் நேரத்துக்குப் பள்ளிக்கு வந்தால் வகுப்பின் முன் சில நிமிடங்கள் வேடிக்கை செய்து காட்டலாம் என்று உடன்பாடு செய்துகொண்டு சிறிதுகாலம் இவரைக் கட்டுக்குள் வைத்திருந்தார். 14 ஆவது வயதில் பள்ளியிலிருந்து நீக்கப்பட்டார்.

இவரது திறமையை முதலில் இனங்கண்டவர், பியோரியாவில் கறுப்பினச் சிறுவர்களுக்காக இயங்கிய கார்வர் சமுதாய மையத்தில் நாடகங்களை இயக்கிய ஜூலியட் விட்டக்கர் ஆவார். அவர் இவரை மேடையேற்றினார். பிரையர் பிற்காலத்தில் தான் பெற்ற எம்மி விருதை விட்டக்கரிடமே கொடுத்துவிட்டார்.

1958 முதல் 1960 வரை இராணுவத்தில் பணியாற்றிய பிரையர், அக்காலத்தின் பெரும்பகுதியை இராணுவச் சிறையிலேயே கழித்தார். மேற்கு செருமனியில் தங்கியிருந்தபோது, இனப் பாகுபாட்டைக் கருவாகக் கொண்ட ஒரு திரைப்படத்தின் சோகக் காட்சிகளைப் பார்த்து வெள்ளையினப் படைவீரர் ஒருவர் சிரித்தார். அதனால் சினமுற்ற பிரையரும் வேறு சில கறுப்பின வீரர்களும் அவரைத் தாக்கினர். கத்திக்குத்துக்கு உள்ளான அவர் உயிர் பிழைத்தார்.

காஸ்பியின் நிழலில்

1963 இல் பிரையர் நியூயார்க் நகருக்குக் குடிபெயர்ந்தார். கிரீன்விச் வில்லேஜ் பகுதியின் சிறு அரங்குகளில் பாப் டிலன், வூடி ஆலன் போன்றோர் மேடையேறிய காலம் அது. அக்காலத்தில் வெள்ளையினப் பார்வையாளரிடமும் பெருவெற்றி பெற்றிருந்த கறுப்பினச் சிரிப்புரையாளர் பில் காஸ்பி. இனம் பற்றிப் பேசாது, குடும்பம், சிறுபிள்ளைப் பருவம் என எவரையும் உறுத்தாத பொருள்களைக் காஸ்பி கையாண்டார். பிரையர் அவரை அப்படியே பின்பற்றினார். உடை, நடை, கதைசொல்லும் பாங்கு அனைத்தும் காஸ்பியுடையனவாகவே இருந்தன. அதற்குப் பலனும் கிடைத்தது. 1964 இல் முதன்முதலாகத் தொலைக்காட்சியில் தோன்றினார். தொடர்ந்து எட் சலிவன், மெர்வ் கிரிஃபின், ஜானி கார்சன் ஆகியோரின் நிகழ்ச்சிகளில் இடம்பெற்றார். லாஸ் வேகஸ் நகரின் விடுதிகள் இவரை அழைத்தன.

1967 செப்டம்பரில் லாஸ் வேகஸின் அலாதீன் விடுதியில் நிகழ்ந்தது இவர் வாழ்வின் முதல் பெரும் திருப்பமாகும். அரங்கு நிறைந்திருந்தது. நடிகர் டீன் மார்ட்டினும் பார்வையாளர் வரிசையில் அமர்ந்திருந்தார். மேடைக்கு வந்த பிரையர் கூட்டத்தைச் சற்றுநேரம் பார்த்தார். தான் இங்கே என்ன செய்துகொண்டிருக்கிறேன் என்று ஒலிவாங்கியிலேயே வசைச்சொல்லுடன் கேட்டுவிட்டு மேடையை விட்டு இறங்கிப் போய்விட்டார். இந்நிகழ்வு பல வகையாகச் சொல்லப்பட்டுள்ளது. பிரையரே அதைச் சற்று மெருகேற்றிச் சொல்லி வந்தார் எனக் கருத இடமுண்டு. ஒரே இரவில் இவர் முற்றிலும் மாறிவிடவில்லை என்பதும் உண்மை. 1968 இல் வெளிவந்த இவரது முதல் ஒலித்தட்டில் பழைய பாணியும் புதிய பாணியும் கலந்தே காணப்படுகின்றன.

பெர்க்லி

1971 இல் பிரையர் கலிபோர்னியாவின் பெர்க்லி நகருக்குச் சென்று சிறிதுகாலம் தங்கினார். வியட்நாம் போர் எதிர்ப்பும் கறுப்பின விழிப்புணர்வும் உச்சத்தில் இருந்த ஊர் அது. மால்கம் எக்ஸின் தன்வரலாற்றைப் படித்தும், மார்வின் கேயின் இசைத்தட்டைத் திரும்பத் திரும்பக் கேட்டும், இஷ்மயில் ரீட், சிசில் பிரவுன், ஆல் யங் ஆகிய எழுத்தாளர்களுடன் பழகியும் நாள்களைக் கழித்தார். சிறு அரங்குகளில் எவ்வித ஆயத்தமுமின்றி மேடையேறி, தோன்றியதைப் பேசிப் பார்த்தார். சில இரவுகளில் ஒரே சொல்லை வெவ்வேறு தொனிகளில் சொல்லிக்கொண்டிருந்ததாகவும் கூறப்படுகின்றது. கறுப்பினத்தவரை இழிவுபடுத்த வெள்ளையர் பயன்படுத்திய சொல் அது. திரும்பத் திரும்பச் சொன்னால் அதன் நஞ்சு நீங்கிவிடும் என அப்போது அவர் நம்பினார்.

இக்காலத்துக்குப் பின் வந்த பிரையர் வேறு மனிதர். துணுக்குகள் குறைந்தன, பாத்திரங்கள் பெருகின. பியோரியாவில் தான் கண்ட குடிகாரர்கள், போதைக்கு அடிமையானோர், போதகர்கள், சூதாடிகள், காவலர்கள் ஆகியோர் மேடையில் உயிர்பெற்றனர். தெருமுனையில் நின்று வாகனங்களை நெறிப்படுத்தும் குடிகாரனும், அவனிடம் வந்து பேசும் போதைக்கு அடிமையான இளைஞனும் சந்திக்கும் பகுதி இதற்கு நல்ல எடுத்துக்காட்டு. சிரிப்பில் தொடங்கும் அவ்வுரையாடல், இளைஞனின் சிதைவைக் காட்டுமிடத்தில் அரங்கை அமைதியாக்கிவிடும். இவர் படைத்த பாத்திரங்களுள் மிகவும் அறியப்பட்டவர் மட்போன். மிசிசிப்பி மாநிலத்தின் டுப்பலோ ஊரிலிருந்து வந்த முதியவராகிய மட்போன், நாட்டுப்புறக் கதைசொல்லிகளின் மரபில் நம்பமுடியாத கதைகளை நிதானமாகச் சொல்பவர். எழுத்தில் இடம்பெறாத ஒரு வாய்மொழி மரபை இப்பாத்திரத்தின் வழியாகப் பிரையர் பதிவு செய்தார் எனலாம்.

ஒலித்தட்டுகளும் எழுத்தும்

1974 இல் ஸ்டாக்ஸ் இசை நிறுவனத்தின் வழியாக வெளிவந்த ஒலித்தட்டு இவரை நாடறியச் செய்தது. மேற்குறித்த இழிசொல்லைத் தலைப்பிலேயே கொண்டிருந்த அத்தட்டு, சிறந்த நகைச்சுவைப் பதிவுக்கான கிராமி விருதைப் பெற்றது. 1975 இலும் 1976 இலும் வெளிவந்த தட்டுகளும் அதே விருதைப் பெற்றன. வானொலியில் ஒலிபரப்ப இயலாத மொழியில் அமைந்த தட்டுகள் இத்தகைய விற்பனையும் ஏற்பும் பெற்றது அந்நாளில் வியப்புக்குரியது. மொத்தத்தில் இவர் ஐந்து கிராமி விருதுகளை வென்றார்.

பிரையர் மேடைக்கு வெளியே எழுத்தாளராகவும் தேவைப்பட்டார். சான்ஃபோர்ட் அண்ட் சன், ஃபிளிப் வில்சன் நிகழ்ச்சி ஆகியவற்றுக்கு எழுதினார். நடிகை லில்லி டாம்லினின் சிறப்பு நிகழ்ச்சிக்கு எழுதியமைக்காகவே எம்மி விருது கிடைத்தது. மெல் புரூக்ஸ் இயக்கிய பிளேசிங் சாடில்ஸ் (1974) திரைப்படத்தின் எழுத்தாளர் குழுவிலும் இவர் இருந்தார். அப்படத்தின் நாயகனாகிய கறுப்பின ஊர்க்காவல் அதிகாரி வேடத்தை இவரே ஏற்கவேண்டும் என்பது புரூக்ஸின் விருப்பம். போதைப் பழக்கமும் முன்கணிக்க முடியாத நடத்தையும் கொண்டவரை நம்பிப் பணம் முதலிடப் படநிறுவனம் இசையவில்லை. வேடம் கிளீவன் லிட்டிலுக்குச் சென்றது. பிரையர் எழுதிக் கொடுத்துவிட்டுத் தான் நடிக்கமுடியாமல் போன படமே அவ்வாண்டின் பெருவெற்றிகளுள் ஒன்றானது.

தொலைக்காட்சி

1975 டிசம்பர் 13 இல் சாட்டர்டே நைட் லைவ் நிகழ்ச்சியைத் தொகுத்து வழங்கினார். அதில் செவி சேஸ் வேலைக்கான நேர்முகத் தேர்வை நடத்துபவராகவும் பிரையர் விண்ணப்பதாரராகவும் தோன்றிய பகுதி இன்றும் பேசப்படுகின்றது. ஒரு சொல்லுக்கு மறுசொல் கூறும் சோதனையாகத் தொடங்கி, வெள்ளையர் பக்கமிருந்து வரும் ஒவ்வொரு சொல்லும் இனவசையாக மாறிச் செல்லும் அப்பகுதியைப் பிரையரின் நெடுநாள் நண்பர் பால் மூனி எழுதினார்.

1977 இல் என்.பி.சி. தொலைக்காட்சி இவருக்குத் தனி நிகழ்ச்சி ஒன்றை அளித்தது. குடும்பத்தோடு பார்க்கும் இரவு எட்டு மணி நேரத்தில் இவரை அமர்த்தியது அந்நிறுவனத்தின் விந்தையான முடிவு. போட்டி அலைவரிசையில் அதே நேரத்தில் ஹாப்பி டேஸ் போன்ற பெருவரவேற்புப் பெற்ற தொடர்கள் ஓடின. முதல் நிகழ்ச்சியின் தொடக்கத்தில், தொலைக்காட்சிக்காகத் தான் எதையும் விட்டுக்கொடுக்கவில்லை என்று பிரையர் கூறுவார். பின்னர் ஒளிப்படக்கருவி கீழிறங்கும்போது, தோல்நிற உடையணிந்த அவர் ஆணுறுப்பு அற்றவராகத் தோன்றுவார். தணிக்கைப் பிரிவு இக்காட்சியை நீக்கியது. நீக்கப்பட்டதே செய்தியாகி, செய்தி நிகழ்ச்சிகளில் அது காட்டப்பட்டது. நான்கு நிகழ்ச்சிகளுடன் எல்லாம் முடிவுக்கு வந்தது. எனினும் அந்நான்கினுள்ளேயே அமெரிக்காவின் 40 ஆவது குடியரசுத் தலைவராகக் கறுப்பினத்தவர் ஒருவர் பத்திரிகையாளரைச் சந்திக்கும் காட்சி இடம்பெற்றிருந்தது. நடப்பில் அது 44 ஆவது தலைவர் காலத்திலேயே கைகூடியது. அப்போது பெயர் அறியப்படாதிருந்த ராபின் வில்லியம்ஸ், சாண்ட்ரா பெர்ன்ஹார்ட் ஆகியோர் இந்நிகழ்ச்சியின் துணைநடிகர்களாக இருந்தனர்.

திரைப்படங்கள்

பிரையரின் திரைவாழ்வு இவரது மேடைவாழ்வுக்கு ஈடானதன்று. பணத்துக்காக ஏற்ற படங்கள் பல. மேடையில் எவருக்கும் அஞ்சாதவர் திரையில் பெரும்பாலும் மிரண்டு விழிக்கும் கோமாளியாகவே பயன்படுத்தப்பட்டார்.

லேடி சிங்ஸ் த புளூஸ் (1972) படத்தில் டயானா ராஸுடன் பியானோ இசைஞராக நடித்தது முதல் குறிப்பிடத்தக்க வேடமாகும். 1976 இல் வெளிவந்த சில்வர் ஸ்ட்ரீக் படத்தில் ஜீன் வைல்டருடன் இணைந்தார். அப்படத்தில் வைல்டர் காவலரிடமிருந்து தப்பக் கழிப்பறையில் காலணி மெருகைப் பூசிக் கறுப்பினத்தவராக வேடமிடுவார். முதலில் எழுதப்பட்டபடி உள்ளே நுழையும் வெள்ளையர் ஒருவர் அவ்வேடத்தை நம்பிவிடவேண்டும். இது தன் மனத்தைப் புண்படுத்துவதாகக் கூறிய பிரையர், உள்ளே வருபவர் கறுப்பினத்தவராக இருக்கவேண்டும், அவர் ஒரு நொடியும் ஏமாறக்கூடாது என்று மாற்றினார். படத்தில் அதிகச் சிரிப்பை எழுப்பிய காட்சியாக அதுவே அமைந்தது. இவ்விருவரும் பின்னர் ஸ்டர் கிரேசி (1980), சீ நோ ஈவில், ஹியர் நோ ஈவில் (1989), அனதர் யூ (1991) ஆகிய படங்களிலும் சேர்ந்து நடித்தனர். சிட்னி பொய்ட்டியே இயக்கிய ஸ்டர் கிரேசி அமெரிக்காவில் 10 கோடி டாலருக்கு மேல் ஈட்டியது. கறுப்பின இயக்குநர் ஒருவரின் படம் அந்த அளவை எட்டியது அதுவே முதல்முறை.

நடிகர் என்ற அளவில் இவரது சிறந்த படம் பால் ஷ்ரேடர் இயக்கிய புளூ காலர் (1978) எனலாம். டெட்ராய்ட் மகிழுந்துத் தொழிற்சாலையின் மூன்று தொழிலாளர்கள் தம் சொந்தத் தொழிற்சங்க அலுவலகத்திலேயே திருடப்போய், சங்கத்தின் ஊழலுக்குச் சான்றான ஏட்டைக் கண்டெடுப்பதே கதை. ஹார்வி கைட்டெல், யாஃபெட் கோட்டோ ஆகியோர் மற்ற இருவர். படப்பிடிப்பில் நடிகர்களிடையே கடும் பூசல் நிலவியது. கடனில் மூழ்கி, சினந்து, இறுதியில் விலைபோகும் தொழிலாளியாகப் பிரையர் காட்டும் முகத்தை இவரது வேறெந்தப் படத்திலும் காண இயலாது.

சூப்பர்மேன் III (1983) படத்தில் கணினி நிரல் எழுதுபவராக நடிக்க 40 இலட்சம் டாலர் பெற்றார். படத்தின் நாயகனான கிறிஸ்டோபர் ரீவ் பெற்றதைவிட இது அதிகம். அதே ஆண்டில் கொலம்பியா நிறுவனம் 4 கோடி டாலர் மதிப்பிலான ஐந்தாண்டு உடன்படிக்கை ஒன்றை இவருடன் செய்துகொண்டது. எனினும் த டாய் (1982), புரூஸ்டர்ஸ் மில்லியன்ஸ் (1985) போன்ற இக்காலப் படங்கள் இவரது ஆற்றலைப் பயன்படுத்தியதாகக் கூறமுடியாது.

மேடையுரைப் படங்கள்

1978 டிசம்பரில் கலிபோர்னியாவின் லாங் பீச் நகரில் பதிவு செய்யப்பட்டு 1979 இல் திரையரங்குகளில் வெளியான ரிச்சர்ட் பிரையர்: லைவ் இன் கான்சர்ட் இக்கலையின் உச்சங்களுள் ஒன்றாகப் பரவலாக மதிக்கப்படுகின்றது. அதற்கு முந்திய ஓராண்டில் பிரையருக்கு நேர்ந்தவை பல. 1977 நவம்பரில் மாரடைப்பு ஏற்பட்டது. 1978 புத்தாண்டு நாளில் குடும்பச் சண்டையின்போது மனைவியின் மகிழுந்தைத் துப்பாக்கியால் சுட்டு, வழக்கைச் சந்தித்தார். இரண்டையும் அவர் மேடைக்குக் கொண்டுவந்தார். மாரடைப்புப் பகுதியில் பிரையரே நோயாளி, பிரையரே இதயம். இதயம் ஒரு முரட்டுக் காவலனைப்போல் அவரை அதட்டி மண்டியிடச் செய்கின்றது. அவர் தரையில் விழுந்து துடித்தபடியே பேசுகின்றார். காட்டில் நீர் அருந்தும் மான், பக்கத்து வீட்டு நாய், பாட்டியின் கைக்குச்சி என எதையும் உடலால் நடித்துக் காட்டும் இவரது ஆற்றலை ஒலித்தட்டுகளால் மட்டும் அறிந்தவர்கள் இப்படத்திலேயே முழுமையாகக் கண்டனர்.

1979 இல் கென்யாவுக்குப் பயணம் செய்தார். அங்கு ஒரு விடுதியின் கூடத்தில் அமர்ந்து, பல நிறக் கறுப்பு மனிதர்கள் எல்லா வகை வேலைகளையும் செய்துகொண்டிருப்பதைக் கண்டபோது, தான் அவர்களுள் எவரையும் அந்த இழிசொல்லால் நினைக்கவில்லை என்பதை உணர்ந்தார். அன்றுமுதல் அச்சொல்லைப் பயன்படுத்துவதில்லை என முடிவு செய்தார். தனக்குப் புகழும் விருதும் தந்த சொல்லை, புகழின் உச்சியில் இருக்கையில் அவர் கைவிட்டார். இதைத் தம்மைக் கைவிட்டதாக எண்ணி வருந்திய இரசிகர்களும் இருந்தனர்.

தீவிபத்து

1980 ஜூன் 9 அன்று லாஸ் ஏஞ்சலஸின் நார்த்ரிட்ஜ் பகுதியிலுள்ள தன் வீட்டில் பிரையர் தீக்காயமுற்றார். பல நாள்கள் இடைவிடாது கொக்கெய்ன் புகைத்த நிலையில் அடர்மிகு ரம் மதுவை உடல்மேல் ஊற்றித் தீவைத்துக்கொண்டார். எரியும் உடலோடு தெருவில் ஓடியவரைக் காவலர்கள் தடுத்து மருத்துவமனைக்கு அனுப்பினர். உடலின் பாதியளவு வெந்துபோயிருந்தது. ஆறு வாரங்கள் மருத்துவமனையில் இருந்தார். முதலில் இது விபத்தெனவே கூறப்பட்டது. தற்கொலை நோக்குடனேயே அவ்வாறு செய்ததாகப் பிரையர் பின்னர் ஒப்புக்கொண்டார்.

1982 இல் வெளிவந்த லைவ் ஆன் த சன்செட் ஸ்டிரிப் படத்தில் சிவப்புநிற உடையணிந்து மேடையேறி இவ்வனுபவத்தைப் பேசினார். முதல்நாள் பதிவு நன்றாக அமையவில்லை. மறுநாள் அரங்கு அவர் வசமாயிற்று. பாலில் பிஸ்கட்டைத் தோய்த்தபோது அது வெடித்துத் தீப்பற்றியது என்ற வேடிக்கைக் கதையை முதலில் சொல்லிவிட்டு, பின்னர் போதைக்குழாய் ஒரு நண்பனைப்போல் தன்னிடம் பேசித் தன்னை அறைக்குள் பூட்டிவைத்ததை நடித்துக் காட்டினார். இறுதியில் தீக்குச்சி ஒன்றைக் கொளுத்திக் காற்றில் நகர்த்தி, தெருவில் ஓடும் தன்னைப்பற்றி ஊரார் சொல்லும் துணுக்கையும் தானே சொல்லிச் சிரித்தார். 1986 இல் இவரே இயக்கி நடித்த ஜோ ஜோ டான்சர் திரைப்படம் இதே நிகழ்வை மையமாகக் கொண்டது. அதில் பியோரியாவின் விலைமாதர் இல்லமும் இடம்பெறுகின்றது.

நோயும் இறுதிக்காலமும்

1986 இல் இவருக்குத் தண்டுவடமரப்பு நோய் இருப்பது கண்டறியப்பட்டது. நரம்புறைகளைச் சிதைத்துப் படிப்படியாக இயக்கத்தைக் குறைக்கும் நோய் இது. உடலையே கருவியாகக் கொண்ட கலைஞருக்கு இதனினும் கொடிய இழப்பு வேறில்லை. எடி மர்ஃபி இயக்கிய ஹார்லெம் நைட்ஸ் (1989) படத்தில் ரெட் ஃபாக்ஸுடன் நடித்தபோதே மெலிவு தெரிந்தது. 1990களின் தொடக்கத்தில் மேடையில் நாற்காலியில் அமர்ந்தபடி பேச முயன்று, பின்னர் அதையும் நிறுத்திக்கொண்டார். சிகாகோ ஹோப் தொலைக்காட்சித் தொடரில் 1995 இல் அதே நோயால் பாதிக்கப்பட்டவராகவே நடித்து எம்மி விருதுக்குப் பரிந்துரைக்கப்பட்டார். டேவிட் லிஞ்சின் லாஸ்ட் ஹைவே (1997) இவரது கடைசித் திரைப்படம். அதில் சக்கர நாற்காலியில் அமர்ந்த பணிமனை உரிமையாளராகச் சிலநொடிகள் தோன்றுகின்றார். 1995 இல் இவரது தன்வரலாறு வெளிவந்தது.

பிரையர் ஐந்து பெண்களை ஏழுமுறை மணந்தார். இருவரை இரண்டாம் முறையும் மணந்தமையால் இக்கணக்கு. அவருக்கு ஏழு பிள்ளைகள். இவர்களுள் ரெயின் பிரையர் நடிகையாகவும் மேடைக் கலைஞராகவும் விளங்குகின்றார். பெண்களிடம் பிரையர் வன்முறையாக நடந்துகொண்டது அவர்களாலும் அவராலும் பதிவு செய்யப்பட்டுள்ளது. மேடையில் இதையும் அவர் பேசினார். எனினும் அரங்கின் சிரிப்பு அச்செயல்களுக்குக் கழுவாய் ஆகாது என்ற திறனாய்வும் உண்டு.

2005 டிசம்பர் 10 அன்று, 65 வயது நிறைந்த ஒன்பதாம் நாள், மாரடைப்பால் லாஸ் ஏஞ்சலஸில் காலமானார். 2006 இல் கிராமி வாழ்நாள் சாதனை விருது வழங்கப்பட்டது. பியோரியாவில் 2015 இல் இவருக்கு வெண்கலச் சிலை நிறுவப்பட்டது. லைவ் இன் கான்சர்ட் திரைப்படம் 2021 இல் அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்க்கப்பட்டது. பிளேசிங் சாடில்ஸ் 2006 இலும், வாட்ஸ் பகுதி மக்களின் இசைவிழாவைப் பற்றியதும் பிரையரின் பேச்சு இடையிடையே இடம்பெறுவதுமான வாட்ஸ்டாக்ஸ் ஆவணப்படம் 2020 இலும் அதே பதிவேட்டில் முன்னரே இடம்பெற்றுவிட்டன.